காத்திருக்கத் தெரியாத ஊர்

ஜனவரி 9

மதிப்புக்குரிய ரயில் ஓட்டுநர் அவர்களுக்கு,

இதை உங்கள் அக்கா எழுதுகிறாள் என்று நினைக்க வேண்டாம். ஊர் ரயில் நிலையக் குழுவின் செயலாளர் எழுதுகிறார். செயலாளரும் அக்காவும் ஒரே ஆளாகப் போனது என் தலையெழுத்து. போனில் பேசியிருக்கலாம். பேசினால் இரண்டு வார்த்தை முடிவதற்குள் இருவரும் கத்த ஆரம்பித்துவிடுவோம். தாளில் கத்த முடியாது என்பதால் எழுதுகிறேன்.

விஷயம் இது. ஸ்டேஷனை மூடி ஆறு வருஷமாகிறது. கதவுக்குப் பூட்டு, பிளாட்பாரத்துக்கு முள்செடி, பயணிகள் அறைக்கு வௌவால் என்று சொத்துப் பிரிப்பது போலப் பிரித்துக் கொடுத்துவிட்டுப் போய்விட்டார்கள். இப்போது ரயில்வேயிடமிருந்து ஒரு பதில் வாங்கியிருக்கிறோம். எப்படி வாங்கினோம் என்று கேட்காதீர்கள், என் செருப்பைக் கேளுங்கள். கட்டடத்தையும் பிளாட்பாரத்தையும் ஊரே பழுது பார்த்து ஊரே பராமரிக்க வேண்டும். அப்படிச் செய்தால், காலையில் கல்லூரி இருக்கிற பெரிய ஊருக்குப் போய் மாலையில் திரும்பும் உங்கள் வண்டியைச் சில மாதம் சோதனையாக ஒரு நிமிடம் நிறுத்துவார்கள். ஆள் ஏறினால் நிறுத்தம் நிரந்தரம். ஏறாவிட்டால் இனி அந்தப் பேச்சே கிடையாது.

குழுவுக்கு மருந்துக்கடைக்காரர் தலைவர். தலைவர் பதவி வேண்டும், வேலை வேண்டாம் என்கிற ரகம். சலூன்காரர் இருக்கிறார். போர்டு எழுதும் பெயின்டர் இருக்கிறார், அதாவது உங்கள் அத்தான். அப்புறம் தையல்கடை நடத்தும் நான். இதில் ஒருவருக்கும் ஒரு டிரைவரின் கண்ணுக்கு என்ன தெரிய வேண்டும், எது இருந்தால் வண்டியைத் தைரியமாக நிறுத்துவார் என்று தெரியவில்லை. நீதான் தினமும் இரண்டு தடவை எங்கள் மூஞ்சியில் புழுதியை வாரி இறைத்துவிட்டுப் போகிறாயே, உனக்குத் தெரியாமலா இருக்கும்? (நீ என்று வந்துவிட்டது. செயலாளர் வருந்துகிறார்.)

இதெல்லாம் எனக்கு எதற்கு என்று கேட்கலாம். என் மகள் இந்த வருஷம் பள்ளிப் படிப்பை முடிக்கிறாள். நர்ஸ் ஆக வேண்டும் என்கிறாள். கல்லூரிக்குப் பஸ்ஸில் போனால் இரண்டு இடத்தில் மாற வேண்டும். அவளுக்கு முன்னால் அப்படிப் போன பெண்களில் ஒருத்திகூடப் படிப்பை முடிக்கவில்லை. விடுதியில் இடமும் இல்லை. வண்டி நின்றால் படிப்பாள். நிற்காவிட்டால் என் பக்கத்தில் உட்கார்ந்து பட்டன் தைப்பாள். பட்டன் தைப்பதில் ஒரு குறையும் இல்லை, நானும் அதைத்தான் செய்கிறேன். ஆனால் அது அவள் கேட்டது இல்லை.

இப்படிக்கு,
செயலாளர்

ஜனவரி 21

செயலாளர் அவர்களுக்கு,

கடிதம் கிடைத்தது. உறை மேலிருந்த கையெழுத்தைப் பார்த்ததும் என் மனைவிக்கு முகம் வெளுத்துவிட்டது. யாருக்கோ ஏதோ ஆகிவிட்டது என்று நினைத்தோம். அடுத்த தடவை உறையின் பின்பக்கம் 'எல்லாரும் நலம்' என்று எழுதிவிடவும்.

கேட்டதற்குப் பதில். வளைவு திரும்பியதும் எனக்கு முதலில் தெரிவது பழைய தண்ணீர்த் தொட்டி. அடுத்து அந்தப் பெரிய மரம். பெயர்ப்பலகை மரத்துக்குப் பின்னால் ஒளிந்துகொண்டிருக்கிறது. கிளையை வெட்டுங்கள், அல்லது பலகையை முன்னால் கொண்டு வாருங்கள். பிளாட்பாரத்தின் விளிம்பு முழுக்க வெள்ளைக் கோடு வேண்டும். எஞ்சின் எங்கே நிற்க வேண்டும் என்று ஒரு பலகை வேண்டும். மழைக்காலத்தில் காலை வெளிச்சம் போதாது, இரண்டு முனையிலும் விளக்கு வேண்டும். முக்கியமாக, உங்கள் கடைக்குப் பின்னால் சிவப்புத் துணியைக் காயப்போடாதீர்கள். போன மாதம் அதைப் பார்த்துவிட்டுப் பிரேக்கில் கை வைத்துவிட்டேன். சிவப்பு என்றால் எங்களுக்குத் துணி இல்லை.

இனி செயலாளருக்கு இல்லை, அக்காவுக்கு. ஸ்டேஷனை மூடிய அன்று ஊரே தண்டவாளத்தில் உட்கார்ந்தது. முன்வரிசையில் நீ. வந்து நின்றது என் வண்டி. எஞ்சினுக்குக் கீழே வந்து நின்று, "இறங்கி வாடா, வந்து எங்களோட உட்காரு"ன்னு கூப்பிட்டாய். நான் இறங்கவில்லை. வண்டிக்குள் அத்தனை பேர் இருந்தார்கள், அவர்களை விட்டுவிட்டு இறங்க ஓட்டுநருக்கு உரிமை கிடையாது. அன்றும் கிடையாது, இன்றும் கிடையாது. அதற்காக ஆறு வருஷம் பேசாமல் இருந்தவள் நீ. என் வீட்டுப் புதுமனை அழைப்பைத் திருப்பி அனுப்பியவளும் நீ. இதற்கு மேல் எழுதினால் தாளிலும் கத்திவிடுவேன்.

பிளாட்பாரத்தில் முள்செடி காணோம். நேற்றுத்தான் கவனித்தேன். யார் வெட்டியது?

இப்படிக்கு,
ஓட்டுநர்

பிப்ரவரி 14

தம்பிக்கு,

ஓட்டுநர், செயலாளர் எல்லாம் எனக்கு ஒத்துவரவில்லை. சட்டையைத் திருப்பிப் போட்ட மாதிரி இருக்கிறது. முள்செடியை வெட்டியது நான். நான் அரிவாளை எடுத்த பிறகு தெருவே அரிவாளை எடுத்தது. சலூன்காரர் மட்டும் கத்திரியோடு வந்து நின்றார். "என் கைக்கு இதுதாம்மா பழக்கம்" என்றார். செடியும் அழகாக ஓரம் கட்டி வெட்டின மாதிரிதான் விழுந்தது.

நீ சொன்னபடி பலகையை முன்னால் நகர்த்தியாயிற்று. உன் அத்தான் எழுத்தைப் பெரிதாக எழுதி, நிழல் போட்டு, நிழலுக்கும் ஒரு நிழல் போட்டு வைத்திருக்கிறார். "டிரைவர் பாத்தா பிரேக் போடணும்னே தோணணும்" என்கிறார். பக்கத்தில் நின்று பார்த்தால் கண் கூசுகிறது. சிவப்புத் துணிக்கு மன்னிப்பெல்லாம் கேட்க மாட்டேன். அது ஒரு பள்ளிக்கூடத்தின் சீருடை. இனி உள்ளே காயப்போடுகிறேன்.

ரயில்வேயில் ஸ்டேஷனின் வரலாற்றை ஒரு பக்கத்தில் எழுதிக் கேட்டார்கள். ஒரு பக்கத்தில் அடங்குமா? பழைய ஆட்கள் ஒவ்வொருவரையும் உட்கார வைத்துக் கேட்டேன். கேட்கக் கேட்க எனக்கே மலைப்பாகிவிட்டது. இங்கே முதலில் ஊரே கிடையாது, தெரியுமா? கரி எஞ்சின் காலத்தில் எஞ்சினுக்குத் தண்ணீர் ஊற்ற ஒரு இடம் தேடியிருக்கிறார்கள். இந்தப் பாதை நெடுக எங்கே தோண்டினாலும் உப்புத் தண்ணீர். அதை ஊற்றினால் கொதிகலனில் உப்புப் படிந்து எஞ்சின் பாழாகிவிடுமாம். இந்த ஒரு இடத்தில்தான் நல்ல தண்ணீர் ஊறியிருக்கிறது. கிணறு வெட்டினார்கள், தொட்டி கட்டினார்கள், எல்லா வண்டியும் நின்று குடித்துவிட்டுப் போயின.

எஞ்சின் குடிக்கும்வரை பிரயாணிகள் என்ன செய்வார்கள்? இறங்கிச் சோம்பல் முறித்தார்கள். அவர்களுக்கு டீ விற்க ஒருவர் வந்தார். முகம் மழிக்க ஒருவர் வந்தார், நம் சலூன்காரரின் கொள்ளுத்தாத்தா. பாதி மழித்த முகத்தோடு ஓடிப்போய் வண்டி ஏறியவர்கள் ஏகப்பட்ட பேராம். டீக்காரர் குடும்பத்தைக் கூட்டி வந்தார், குடும்பத்துக்குக் கடை வேண்டியிருந்தது, கடைக்காரர் பிள்ளைக்குப் பள்ளிக்கூடம் வேண்டியிருந்தது. ஊருக்காக ஸ்டேஷன் வரவில்லையடா, ஸ்டேஷனுக்காக ஊர் வந்திருக்கிறது. டீசல் வந்ததும் தண்ணீர் தேவைப்படவில்லை. வண்டிகள் ஒவ்வொன்றாக நிற்காமல் போயின. கடைசியில் உன் வண்டியும். தாகம் தீர்ந்ததும் யாரும் கிணற்றைத் திரும்பிப் பார்ப்பதில்லை.

அந்த மணி ஞாபகம் இருக்கிறதா? அதுவும் அந்தக் காலத்து வழக்கம்தான். எஞ்சின் தொட்டிக்கு அடியில் வந்து நின்றதும் மணி அடிப்பார்களாம். தண்ணீர் நிரம்ப நேரமாகும் அல்லவா, அதனால் மணி கேட்ட பிறகுதான் ஊர் கை கழுவி, சட்டை மாற்றி, தலை வாரிப் பெட்டியைத் தூக்கும். டீசல் வந்த பிறகும் ஸ்டேஷன் மாஸ்டர்கள் அதை விடவில்லை, வண்டி முந்தின ஸ்டேஷனை விட்டதும் அடித்துவிடுவார்கள். வெளியூர்க்காரன்தான் பிளாட்பாரத்தில் கிடப்பான், நம் ஊர்க்காரன் வண்டியோடு சேர்ந்து வந்து நிற்பான் என்று பெருமை வேறு. மணியைப் பூட்டிய அறையில் கண்டெடுத்து, தேய்த்துப் பளபளவென்று மாட்டியிருக்கிறோம்.

எல்லாரும் நலம். உறையின் பின்பக்கமும் எழுதியிருக்கிறேன்.

அக்கா

மார்ச் 30

அக்காவுக்கு,

பலகை தெரிகிறது. வளைவு திரும்பியதும் பளிச்சென்று தெரிகிறது. அத்தானின் நிழலுக்கு நிழல் தூரத்திலிருந்து பார்க்கும்போது நன்றாகவே இருக்கிறது, அவரிடம் சொல்லாதே, மூன்றாவது நிழலும் போட்டுவிடுவார்.

உங்கள் ஸ்டேஷன் எனக்குக் கண்சிமிட்டும் நேரம்தான். அதற்குள் தினம் ஒன்றைப் பார்த்துக்கொள்கிறேன். திங்கட்கிழமை கூரையில் புது ஓடு. அடுத்த நாள் ஏணி மேல் ஒருவர். அப்புறம் ஒரு நாள் பெஞ்சுகளை வெளியே போட்டுக் கழுவிக்கொண்டிருந்தீர்கள், நீ முந்தானையை இடுப்பில் செருகிக்கொண்டு யாரையோ திட்டிக்கொண்டிருந்தாய். சத்தம் கேட்கவில்லை, வாயசைவே போதும். மற்ற ஸ்டேஷன்களில் சம்பளம் வாங்கும் ஆட்கள் இருந்தும் சுவரில் செடி முளைக்கிறது. நீங்கள் செய்திருப்பதைப் பார்த்தால் பெருமையாக இருக்கிறது. என் உதவி ஓட்டுநரிடம், "அது எங்க அக்கா" என்று ஒருநாள் சொல்லிவிட்டேன்.

உத்தரவு எங்களுக்கும் வந்துவிட்டது. ஜூன் முதல் வாரம் சோதனை ஆரம்பம். முதல் நாள் ஓர் இன்ஸ்பெக்டர் வருவார், அப்புறம் சொல்லாமல் கொள்ளாமல் இன்னொரு தடவை வருவார். அவர் எழுதுவதுதான் தீர்ப்பு.

ஒரு விஷயம். அந்த மணியைக் கழற்றி உள்ளே வை. ஸ்டேஷன் மாஸ்டர் இல்லாத இடத்தில் மணி அடிக்க யாருக்கும் அதிகாரம் இல்லை. மணியும் சிக்னல் மாதிரிதான். இன்ஸ்பெக்டர் காதில் விழுந்தால் அன்றைக்கே சோதனையை நிறுத்திவிடுவார். உனக்குக் கோபம் வரும் என்று தெரியும். சட்டம் பேசுகிறான் என்பாய். ஆமாம், பேசுகிறேன். இந்தத் தடவை உனக்காகப் பேசுகிறேன்.

தம்பி

ஜூன் 3

செயலாளர் அவர்களுக்கு,

ஆமாம், மறுபடியும் செயலாளர்தான்.

ஆறு வருஷம் கழித்து அந்த இடத்தில் பிரேக் போட்டேன். வளைவுக்கு முன்னாலிருந்தே வேகத்தைக் குறைத்துவிட்டேன். பலகைக்கு நேராக, ஒரு சாண் முன்பின் இல்லாமல் நிறுத்தினேன். எட்டிப் பார்த்தேன். ஈ காக்கை இல்லை. கழுவிவிட்ட பிளாட்பாரம், வெள்ளைக் கோடு, ஒரு முனையில் நீ, இன்னொரு முனையில் கையில் பேனாவோடு இன்ஸ்பெக்டர். அவ்வளவுதான்.

"இந்த ஊர்ல மனுஷங்க இருக்காங்களா சார்?" என்று என் உதவி ஓட்டுநர் கேட்டார். நான் என்ன சொல்வேன்? ஒரு நிமிடம் முடிந்ததும் வண்டியின் கார்டு கொடி காட்டினார், கிளம்பிவிட்டேன். நீ நின்ற நிலையை எனக்குப் பார்க்கத் தாங்கவில்லை.

இத்தனை மாதம் ஓடு மாற்றி, பெயின்ட் அடித்து, வரலாறு எழுதி, கடைசியில் ஏறுவதற்கு ஒரு ஆளைக் கூட்டி வர முடியவில்லையா? அந்த மருந்துக்கடைக்காரர் எங்கே போனார்? அத்தானாவது வந்திருக்கலாமே? என் மருமகளின் படிப்பு இதில் தொங்குகிறது என்று நீதானே எழுதினாய்?

ஓட்டுநர்

ஜூன் 8

தம்பிக்கு,

நீ கேட்ட கேள்வியைத்தான் நானும் தெருத் தெருவாகக் கேட்டேன். சொல்கிறேன், கேள்.

வண்டி போனதும் நேராக மருந்துக்கடைக்காரர் வீட்டுக்கு ஓடினேன். அடித்துவிடுகிற கோபம். மனிதர் முன்னறையில் நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறார். இஸ்திரி போட்ட சட்டை, பாலிஷ் போட்ட ஷூ, மடியில் பை. "ஏன் வரலை?" என்றேன். என்னை ஒரு மாதிரி பார்த்தார். "மணி அடிக்கலையேம்மா" என்றார்.

அடுத்த வீட்டில் தாயும் மகனும் தலை வாரி, செருப்பு மாட்டி, வாசலைப் பார்த்து உட்கார்ந்திருக்கிறார்கள். "மணி அடிச்சா வரத்தானேக்கா போறோம்." அதற்கடுத்த வீடும் அப்படியே. சலூன்காரர் கடையைச் சாத்திவிட்டு, சாவியைக் கையில் வைத்துக்கொண்டு படியில் உட்கார்ந்திருக்கிறார். கடைசியாக என் வீட்டுக்கு வந்தால், உன் அத்தான். அந்தப் பலகையை எழுதின மனிதன், காலையில் என் கூடவே எழுந்த மனிதன், "சட்டையை மாத்திட்டு வர்றேன், நீ முன்னால போ" என்று சொன்ன மனிதன், சட்டையை மாற்றிக்கொண்டு, ஷூவையும் மாட்டிக்கொண்டு, மணிக்காகக் காத்திருக்கிறார்.

வண்டி வரும் நேரம் எல்லாருக்கும் தெரியும். நோட்டீஸ் அடித்துக் கொடுத்தவள் நான். ஆனால் நேரம் வேறு, கிளம்புவது வேறு. இந்த ஊரின் கால் மணிச் சத்தத்துக்குத்தான் எழுந்திருக்கும். மணியைக் கழற்றச் சொன்னது நீ, கழற்றியது நான், இரண்டு பேரும் இந்த ஊரில் பிறந்தவர்கள், இரண்டு பேர் புத்திக்கும் எட்டவில்லை பார். செயலாளராக இல்லாமல் இருந்தால் நானும் வீட்டில்தான் உட்கார்ந்திருப்பேன். வாசற்படியில் உட்கார்ந்து சிரித்தேன், பிறகு அழுதேன். அத்தான் தண்ணீர் கொண்டு வந்து கொடுத்தார், அப்போதும் ஷூவைக் கழற்றவில்லை.

இன்ஸ்பெக்டர், 'பயணிகள் யாரும் இல்லை' என்று எழுதிக்கொண்டு போய்விட்டார்.

இப்போது நிலைமை என்னவென்றால், ரயில்வே கேட்டுக்குப் பக்கத்தில் நீ ஹாரன் அடிக்கிறாய் அல்லவா, அதைக் கேட்டுவிட்டுக் கிளம்புகிறார்கள். வந்து சேரும்போது உன் வண்டியின் கடைசிப் பெட்டி கையாட்டிவிட்டுப் போகிறது. ஏறுகிறவர்கள் விரல்விட்டு எண்ணும் அளவுதான். காத்திருங்கள் என்று சொன்னால் கோபித்துக்கொள்கிறார்கள். "சும்மா போய் உக்காந்திருக்க நாங்க என்ன வேலை வெட்டி இல்லாதவங்களா?"

அந்த 'சும்மா' எனக்கு மனதில் ஒட்டிக்கொண்டது. இந்த ஊரை மணி இல்லாமல் கிளப்ப முடியாது. சரி, கிளப்ப வேண்டாம். முன்னாலேயே ஏதாவது ஒரு வேலையாக வரவழைத்துவிட்டால்? யோசித்துக்கொண்டிருக்கிறேன். மகளைக் கல்லூரியில் சேர்த்துவிட்டேன். துணிச்சலா மடத்தனமா என்று தெரியவில்லை. ஜூலையில் வகுப்பு ஆரம்பம்.

அக்கா

ஜூலை 19

அக்காவுக்கு,

உன் கடிதத்தை மனைவி சத்தம் போட்டுப் படித்தாள். அத்தானின் ஷூ வந்த இடத்தில் இருவரும் சிரித்துச் சிரித்துக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. அப்புறம் எனக்குச் சிரிப்பு நின்றுவிட்டது. மணியைப் பற்றி நீ அவ்வளவு விவரமாக எழுதியும் எனக்கு உறைக்கவில்லையே.

ஆனால் இப்போது அங்கே என்ன நடக்கிறது? ஒரு நாள் மரத்தடியில் சலூன்காரரின் நாற்காலியையும் கண்ணாடியையும் பார்த்தேன். மறுநாள் பயணிகள் அறை ஜன்னலுக்குள் உன் தையல் மிஷின். இன்னொரு நாள் மருந்துக்கடைக்காரர் யாருடைய கையிலோ பட்டையைச் சுற்றி ரத்த அழுத்தம் பார்த்துக்கொண்டிருந்தார். நேற்று இரண்டு கிழவர்கள் சதுரங்கம் ஆடிக்கொண்டிருந்தார்கள், வண்டி வந்து நின்றும் தலையைத் தூக்கவில்லை. பிளாட்பாரம் நிரம்பி வழிகிறது.

கார்டு சொன்னார், துணி தைக்கக் கொடுப்பதும் வாங்குவதும் காலை வண்டிக்கு முன்னால் ஸ்டேஷனில் மட்டும்தான் என்று நீ கடைக்குப் பூட்டுப் போட்டுவிட்டாயாம். ஊர் தலையில் அடித்துக்கொண்டு வந்ததாம், வந்த பிறகு எழுந்து போக மனமில்லையாம். காத்திருக்கத் தெரியாத ஊரை இப்படிக் காத்திருக்க வைக்க உன்னால்தான் முடியும். ரயில்வேயில் இத்தனை வருஷமாக இருக்கிறேன், இப்படி ஒரு ஸ்டேஷனை நான் பார்த்ததில்லை. உன்னை நினைத்தால் பிரமிப்பாக இருக்கிறது அக்கா. இதைச் சொல்லாமல் விட்டால் எனக்குத் தூக்கம் வராது.

மருமகள் முதல் நாள் ஏறியதைப் பார்த்தேன். நீல நிறப் பை. அன்றைக்கு நான் வண்டியை எடுத்த விதத்தில், உள்ளே யாராவது டீ வைத்திருந்தால் ஒரு சொட்டுக்கூடச் சிந்தியிருக்காது. பெரிய ஊரில் இறங்கியதும் எஞ்சின் பக்கம் வந்து, "வரேன் மாமா" என்றாள். ஆறு வருஷத்தில் எவ்வளவு வளர்ந்துவிட்டாள். நான் தலையை மட்டும் ஆட்டினேன்.

அவள் வருகிறாள். நீ மட்டும் எப்போதும் கடைசிப் பெட்டிப் பக்கமே நிற்கிறாய்.

தம்பி

ஆகஸ்ட் 27

தம்பிக்கு,

இதைக் கார்டு கையில் கொடுத்தனுப்புகிறேன். அதில் தபால்காரருக்கு என் மேல் வருத்தம்.

கடைசிப் பெட்டியில்தான் வயதானவர்கள் ஏறுகிறார்கள், கை கொடுக்க ஆள் வேண்டும். அதனால் அங்கே நிற்கிறேன். வேறு காரணமும் இருக்கலாம், அதை நான் இன்னும் விசாரிக்கவில்லை.

இன்ஸ்பெக்டர் நேற்று வந்துவிட்டார். சாதாரண உடையில் வந்ததால், முன்பு பார்த்த எனக்கே அடையாளம் தெரியவில்லை. சலூன்காரர், "வாங்க சார், வண்டிக்கு இன்னும் நேரமிருக்கு" என்று அவரை நாற்காலியில் உட்கார வைத்துத் துணியைப் போர்த்திவிட்டார். அவரும் சுகமாகக் கண்ணை மூடிக்கொண்டார். ஒரு பக்கம்தான் முடிந்தது, உன் ஹாரன் கேட்டது. மனிதர் துள்ளி எழுந்து, கழுத்தில் துணியோடு, ஒரு பக்கம் முடியும் ஒரு பக்கம் மொட்டையுமாக, பேனாவை எடுத்துக்கொண்டு எண்ண ஆரம்பித்தார். அப்போதுதான் எங்களுக்கு விளங்கியது. சலூன்காரர் கத்திரியை முதுகுக்குப் பின்னால் ஒளித்துக்கொண்டார்.

வண்டி போன பிறகு என்னிடம் வந்தார். "இங்க இருக்கறவங்க எல்லாம் பயணிகளா?" என்று கேட்டார். மருந்துக்கடைக்காரர் எனக்குப் பின்னால் நின்று ஆமாம் சொல், ஆமாம் சொல் என்று கிள்ளுகிறார். நான், "ஏறினவங்க பயணிங்க. மத்தவங்க முடி வெட்டவும் துணி வாங்கவும் வந்தவங்க. ஏறினவங்களை மட்டும் எழுதிக்குங்க சார்" என்றேன். எழுதிக்கொண்டார். எழுதியதைக் காட்டவில்லை. திரும்பிப் போய் நாற்காலியில் உட்கார்ந்து மீதி முடியை வெட்டிக்கொண்டார்.

இன்று குழுவில் எனக்குச் சரியான திட்டு. போன மாதமே ஒரு யோசனை வந்தது. இன்ஸ்பெக்டரைக் கண்டதும் ஊரே ஏறி, அடுத்த ஸ்டேஷனில் இறங்கிவிடலாம் என்று. நான் ஒத்துக்கொள்ளவில்லை. பொய்க்கு ஏறுகிறவர்கள் நிஜத்துக்கு ஏற மாட்டார்கள். அதோடு நிறுத்தாமல், சோதனை முடியும்வரை குழுவைச் சேர்ந்த யாரும் வண்டியிலேயே ஏறக் கூடாது, ஆள் சேர்த்துக் கணக்குக் காட்டினார்கள் என்ற பேச்சு வரக் கூடாது என்று தீர்மானமும் போட்டவள் நான். இப்போது எல்லாரும் என்னைப் பார்த்து, "உன் நேர்மையைக் கட்டிக்கிட்டு நீயே அழு" என்கிறார்கள்.

வெளியே ஜம்பமாக இருக்கிறேன். உன்னிடம் மட்டும் சொல்கிறேன், பயமாக இருக்கிறது. மகள் தினமும் சாயங்காலம் வந்து நாடி பார்ப்பது எப்படி, கட்டுப் போடுவது எப்படி என்று என் கையைப் பிடித்துப் பழகுகிறாள். நேற்று என் நாடியைப் பிடித்துவிட்டு, "ஏம்மா இவ்வளவு வேகமா ஓடுது?" என்று கேட்டாள். நிறுத்தம் போனால் அந்தப் பிள்ளையிடம் நான் என்ன சொல்வேன்?

அக்கா

அக்டோபர் 11

அக்காவுக்கு,

உனக்கு முறையான உத்தரவு வர ஒரு வாரம் ஆகும். அதுவரை என்னால் பொறுக்க முடியாது.

இன்று டிப்போவில் புதுக் கால அட்டவணை கொடுத்தார்கள். மற்றவர்கள் தங்கள் டியூட்டியைத் தேடினார்கள். நான் நம் ஊர் வரியைத் தேடினேன். ஆறு வருஷமாக அந்த இடத்தில் ஒரு கோடுதான் இருந்தது. கோடு என்றால் நிற்காதே, போ என்று அர்த்தம். இன்று கோடு இல்லை. வரும் நேரமும் புறப்படும் நேரமும் அச்சில் இருக்கின்றன. காலைக்கும் இருக்கிறது, மாலைக்கும் இருக்கிறது. சோதனை என்ற சொல் எங்குமே இல்லை. ஒன்றுக்கு நாலு தடவை பார்த்துவிட்டுத்தான் எழுதுகிறேன்.

இன்ஸ்பெக்டரின் அறிக்கையைப் பார்த்த எழுத்தர் ஒருவர் எனக்குச் சொன்னார். ஏறிய ஆட்களின் எண்ணிக்கை அவர்கள் எதிர்பார்த்ததை விடக் கொஞ்சம் கூடுதலாம். அதுவே போதும். ஆனால் கீழே அவராக ஒரு வரி சேர்த்திருக்கிறாராம்: 'இந்த நிலையத்தில் கொடுத்த தகவல்களைச் சரிபார்க்க வேண்டிய அவசியம் ஏற்படவில்லை.' எங்கள் இலாகாவில் இதைவிடப் பெரிய பாராட்டை நான் கேட்டதில்லை.

வீட்டுக்குப் போனதும் மனைவியைக் கூப்பிட்டேன். அட்டவணையை நீட்டினேன். அவள் வாங்கிப் பார்த்துவிட்டு, "உங்க அக்கா லேசுப்பட்டவங்க இல்லைங்க" என்றாள்.

அன்று நான் வண்டியை விட்டு இறங்காதது சரி என்றுதான் இன்றும் நினைக்கிறேன். ஆனால் நீ தண்டவாளத்தில் உட்கார்ந்ததும் சரிதான். இரண்டும் எப்படி ஒரே சமயத்தில் சரியாக இருக்க முடியும் என்று எனக்குத் தெரியவில்லை. நான் வண்டி ஓட்டுகிறவன், எனக்கு ஒரு தண்டவாளம்தான் தெரியும்.

மருமகளிடம் சொல், அவள் படிப்பு முடியும்வரை, நான் டியூட்டியில் இருக்கும் நாளெல்லாம், வண்டியைத் தூக்கிப்போடாமல் ஓட்டுவேன் என்று.

தம்பி

அக்டோபர் 13

தம்பிக்கு,

உன் கடிதத்தைக் கார்டு கொடுத்ததும் பிளாட்பாரத்திலேயே பிரித்தேன். படித்துவிட்டு, தையல் மிஷின் மேல் தலையைக் கவிழ்த்துக்கொண்டேன். எனக்கு ஏதோ ஆகிவிட்டது என்று மருந்துக்கடைக்காரர் ரத்த அழுத்தம் பார்க்க ஓடி வந்தார். விஷயத்தைச் சொன்னேன். பாவம் மனிதர், கையில் பட்டையோடு அப்படியே நின்றுவிட்டார். சலூன்காரர் அன்று முழுவதும் யாரிடமும் கூலி வாங்கவில்லை. உன் அத்தான் பலகைக்கு முன்னால் போய் நின்று வெகு நேரம் பார்த்துக்கொண்டிருந்தார். மகள் சாயங்காலம் வந்து இறங்கியதும் சொன்னேன். பையைக் கீழே போட்டுவிட்டு என்னைக் கட்டிக்கொண்டாள். அவள் அழுதாள், நான் அழவில்லை என்று சொல்லிக்கொள்கிறேன்.

நீ இறங்காதது தப்பு என்றுதான் நான் இன்னும் நினைக்கிறேன். இருக்கட்டும். அதைத் தாளில் எழுதித் தீர்க்க முடியாது, எதிரெதிரே உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டே சண்டை போட வேண்டிய விஷயம் அது.

சோதனை முடிந்துவிட்டது, என் தீர்மானமும் முடிந்துவிட்டது. நாளை மாலை வண்டிக்கு டிக்கெட் எடுத்துவிட்டேன், உன் ஊர் வரைக்கும். மகள் இறங்குவாள், நான் ஏறுவேன். அத்தானுக்கு அவள் சமைத்துப் போடுவாள், இரண்டு நாள் நான் இல்லாமல் இந்த ஊர் தானாகவே காத்திருக்கட்டும். உன் மனைவியிடம் சொல்லிவிடு, திருப்பி அனுப்பிய அழைப்புக்கு இப்போதுதான் வருகிறேன் என்று.

முதல் பெட்டியில் ஏறுகிறேன். உன் வீட்டுக்கு எப்படி வர வேண்டும் என்று எனக்குத் தெரியாது. அதை எழுதி அனுப்ப வேண்டாம், நாளைக்கு நேரில் சொல்.

அக்கா